ராணி ஆண்டால் பெண்கள் ஆண்டதாகுமா?

(ஆண்டு விழாக் கூட்டமொன்றில் நிகழ்த்திய சொற்பொழிவு)



அய்ரோப்பிய அரண்மனைப் பெண்களைப் பற்றி நாம் பேசப் போவதாகத் துண்டு விளம்பரத்தில் பார்த்துவிட்டு, "நமக்கு இருக்கிற தொல்லை போதாதா? அய்ந்நூறு வருஷத்துக்கு முந்தி இருந்த வெள்ளைக்கார ராணிகளின் கதை நமக்கு எதற்கு?" என்று உங்களில் சிலர் நினைத்திருக்கலாம். நியாயமான கேள்விதான். ராணிகளுக்குத் துதி பாடுவது நமது வேலையுமல்ல. ராஜாவே வேண்டியதில்லை என்கிற நமக்கு ராணியிடம் மாத்திரம் என்ன பக்தி இருக்க முடியும்?

ஆனால், பெண் விடுதலையைப் பற்றி எந்த ஊரில் பேசினாலும், கூட்டம் முடிந்தவுடன் நம்மிடம் இரண்டு ஆட்சேபணைகள் வந்து சேருகின்றன. ஒருவர் வந்து, "பெண்களுக்கு ஆளும் புத்தி இயற்கையிலேயே கிடையாது; சரித்திரத்தைப் புரட்டிப் பாருங்கள், பேர் சொல்லும்படி நாடாண்ட பெண்கள் எத்தனை பேர்?" என்கிறார். இன்னொருவர் வந்து, "பெண்களை யார் அடிமையாக வைத்தார்கள்? இங்கிலாந்தை எலிசபெத் ராணி 44 வருஷம் ஆளவில்லையா? பிரான்சைக் காத்தரீன் ஆட்டி வைக்கவில்லையா?" என்கிறார். சில ஊர்களில் ஒரே ஆசாமி இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லுவதுமுண்டு! பெண்ணுக்குப் புத்தியில்லை என்பதற்கும் அவரிடம் சரித்திரம் இருக்கிறது; பெண் அடிமையாக இருந்ததில்லை என்பதற்கும் அதே சரித்திரம் இருக்கிறது.

ஆகவேதான், அந்தச் சரித்திரம் உண்மையில் என்ன சொல்லுகிறது என்று பார்த்துவிடுவோம் என்று இந்த விஷயத்தை எடுத்துக் கொண்டோம். நாம் பெரிய பரீட்சை கொடுத்துப் பட்டம் வாங்கியவரல்ல. படித்தவர்கள் தேடி எழுதி வைத்ததைப் படித்து, நமது அறிவுக்குப் பொருந்துகிறதா என்று உரைத்துப் பார்த்து, பொருந்தியதை உங்கள் முன் வைக்கின்றோம். நீங்களும் அப்படியே உரைத்துப் பாருங்கள்.

முதலில் ஒரு சரித்திர ஆசிரியையைப் பற்றிச் சொல்ல வேண்டும். அமெரிக்காவில் நியூயார்க்கில் ஜோன் கெல்லி என்று ஓர் அம்மையார் இருந்தார். 1928-இல் பிறந்தவர், 1982-இல் காலமானார். அய்ரோப்பாவின் மறுமலர்ச்சிக் காலம் என்கிறார்களே, அதுதான் அவர் படித்துத் தேர்ந்த பாடம். மறுமலர்ச்சிக் காலமென்றால் சுமார் 1350 முதல் 1600 வரை. பழைய கிரேக்க, ரோம நூல்களைத் தேடியெடுத்து, "மனிதன் சிந்திக்கப் பிறந்தவன்" என்று மார் தட்டிக் கொண்ட காலம். சித்திரமும் சிற்பமும் அச்சு யந்திரமும் ஓங்கிய காலம்.

1971-ஆம் ஆண்டு வாக்கில் கெர்டா லெர்னர் என்கிற மற்றொரு சரித்திர ஆசிரியை இவருக்கு எழுதி, பெண்களின் சரித்திரத்தைப் பற்றித் தமது கல்லூரியில் பேச வேண்டுமென்று அழைத்தார். கெல்லி அம்மையார் என்ன பதில் எழுதினார் தெரியுமா? தாம் மறுமலர்ச்சிக் காலத்தைப் படிப்பவர், அதில் பெண்களைப் பற்றிச் சொல்லத் தம்மிடம் அதிகமாக ஒன்றுமில்லை என்ற கருத்தில் எழுதினார். லெர்னர் விடவில்லை. கொஞ்சம் யோசித்துப் பாருங்கள் என்று நீண்ட கடிதம் போட்டார். கெல்லி யோசித்தார். யோசித்ததும், அதுவரை தாம் படித்த அதே புத்தகங்களும் அதே மனிதர்களும் தமக்கு வேறாகத் தெரிந்தார்கள் என்று பின்னால் அவரே எழுதினார்.

தோழர்களே! இதில் கவனிக்க வேண்டியது ஒன்று உண்டு. படித்தவர், அதிலும் தாமே ஒரு பெண், அந்தக் காலத்தையே கரைத்துக் குடித்தவர். அவருக்கே அதில் பாதி ஜனங்கள் கண்ணில் படவில்லை! காரணமென்ன? அவர் படித்த புத்தகங்களை எழுதியவர்கள் அவர்களைக் காட்டவில்லை. ஆனால் தப்பு என்று தெரிந்தவுடன் அதை ஒப்புக்கொண்டு மறுபடியும் முதலிலிருந்து பார்க்கத் துணிந்தாரே, அதுதான் பகுத்தறிவு.

அப்படிப் பார்த்து 1977-இல் அவர் வெளியிட்ட ஒரு கட்டுரைக்கு ஒரு கேள்வியையே தலைப்பாக வைத்தார். பெண்களுக்கு மறுமலர்ச்சி என்று ஒன்று இருந்ததா என்பதுதான் அந்தக் கேள்வி. இல்லை, அந்தக் காலத்தில் இருக்கவில்லை என்பது அவர் கண்ட பதில். வெறும் கோபத்தில் சொன்ன பதிலல்ல அது. நாலு அளவுகோல்களை வைத்து அளந்து சொன்னார். ஒன்று, ஒழுக்க விதி ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒன்றாக இருந்ததா? இரண்டு, சொத்திலும் தொழிலிலும் அதிகாரத்திலும் பெண்ணுக்கு என்ன பங்கு இருந்தது? மூன்று, படிப்பிலும் கலையிலும் அவளுக்கு என்ன இடம் இருந்தது? நாலு, அக்காலத்து நூல்கள் பெண்ணைப் பற்றி என்ன போதித்தன?

இந்த நாலையும் மனதில் வைத்துக்கொண்டு, அந்தக் காலத்து அரண்மனைகளுக்குள் நுழைவோம்.

முதலில் ஒரு புத்தகம். இத்தாலியில் காஸ்தில்யோனே என்பவர் அரசவை மனிதன் எப்படியிருக்க வேண்டுமென்று ஒரு நூல் எழுதி 1528-இல் அச்சிட்டார். 1507-இல் உர்பினோ என்னும் ஊரின் அரண்மனையில் நாலு இரவு நடந்த சம்பாஷணையாக அது எழுதப்பட்டிருக்கிறது. அரசர் நோயாளி, சீக்கிரம் படுக்கைக்குப் போய்விடுவார். சபைக்குத் தலைமை வகிப்பவர் அவர் மனைவி எலிசபெத்தா. பார்த்தீர்களா, பெண் தலைமை வகிக்கிறாள் என்று சந்தோஷப்படத் தோன்றும். ஆனால் மூன்றாம் நாள் இரவு, அரண்மனைப் பெண் எப்படியிருக்க வேண்டுமென்ற விவாதம் வருகிறது. பெண்ணைத் தாக்கி நீளப் பேசுகிறவனும் ஆண். பெண்ணுக்குப் பரிந்து நீளப் பேசுகிறவனும் ஆண். பெண்கள் பெரும்பாலும் கேட்டுக் கொண்டும் சிரித்துக் கொண்டும் உட்கார்ந்திருக்கிறார்கள். நாற்காலி பெண்ணுடையது, நாக்கு ஆணுடையது! அதில் ஆணுக்கு முதல் தொழில் ஆயுத வித்தை என்றும், பெண்ணுக்கு முக்கியம் இனிமையாகப் பேசிப் பிறரை மகிழ்விப்பதும் கற்பும் என்றும் வகுக்கப்படுகிறது.

அந்தக் கற்பு ஆண்களுக்கு உண்டா என்று பார்த்தால், பிரான்ஸ் அரசன் இரண்டாம் ஹென்றி, மனைவி காத்தரீன் பக்கத்தில் இருக்கும்போதே தியான் என்னும் ஆசைநாயகியை வருஷக்கணக்காகச் சபையறிய வைத்திருந்தான். ஒரு கோட்டை மாளிகையையே அவளுக்குக் கொடுத்தான். காத்தரீன் பத்துப் பிள்ளைகளைப் பெற்றுக் கொண்டு வாய் மூடியிருந்தாள். இதே காரியத்தைக் காத்தரீன் செய்திருந்தால் அவள் கதி என்னவாகியிருக்கும் என்று நாம் சொல்ல வேண்டியதில்லை. முதல் அளவுகோல் அதோடு முடிந்தது.

இரண்டாவது அளவுகோலுக்கு வருவோம். பிரான்சில் பெண்ணுக்கு முடி கிடையாது. ஏன் கிடையாதென்றால், "சாலிக் சட்டம் என்கிற ஆதிகாலச் சட்டம் அப்படிச் சொல்லுகிறது" என்பார்கள். அந்தச் சட்டத்தின் யோக்கியதையைக் கேளுங்கள். 1316-இல் ஓர் அரசன் செத்தான். பிறகு பிறந்த அவனுடைய ஆண் குழந்தையும் சில நாளில் செத்தது. மிச்சம் ஒரு பெண் குழந்தை. உடனே அக்குழந்தையின் சிற்றப்பன் சிம்மாசனத்தில் ஏறிக் கொண்டான். 1317-இல் ஒரு சபையைக் கூட்டிப் பெண் பட்டத்துக்கு வர முடியாதென்று சொல்ல வைத்தான். அப்போது யாரும் சாலிக் சட்டத்தின் பேரையே எடுக்கவில்லை! பிறகு பல வருஷங்கள் கழித்துத்தான் அந்தப் பழைய ஏட்டைத் தூசி தட்டியெடுத்து, "இதோ ஆதாரம்" என்றார்கள். அந்த ஏட்டிலே இருப்பதாவது என்ன? பழைய ஃபிராங்கு ஜாதியாருடைய நிலத்தின் வாரிசு பாத்தியதை. ராஜ்யத்தைப் பற்றி அங்கே ஒரு பேச்சுமில்லை.

அக்கிரமம் முன்னே வருகிறது. சாஸ்திரம் பின்னே வருகிறது. பிறகு, சாஸ்திரம் இருந்ததால்தான் இப்படி நடந்தது என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கிறார்கள். எந்த நாட்டிலே யார் "இது அனாதிகால வழக்கம்" என்று சொன்னாலும், அந்த ஏடு எப்போது எழுதப்பட்டது, எப்போது எதற்காகத் தூசி தட்டப்பட்டது என்று கேட்கக் கற்றுக் கொள்ளுங்கள்.

சரி, முடி கிடையாது என்று சட்டம் செய்துவிட்டார்கள். காரியம் நடந்ததா? அதே பிரான்சில் 1483-இல் பதினொன்றாம் லூயி இறந்தபோது, பட்டத்துக்கு வந்த மகனுக்கு வயது 13. ராஜ்யத்தை நடத்தியது யார்? அவனுடைய அக்காள் ஆன். அவளுக்கு அப்போது வயது 22. பிரபுக்கள் கிளப்பிய கலகத்தை அடக்கி, 1491 வரையில் நாட்டைக் கட்டிக் காத்தாள். பிரான்சிலேயே முட்டாள்தனம் குறைந்த பெண் என்று தகப்பனே அவளைச் சொன்னதாகக் கூறுவார்கள். மகளைப் புகழ வந்தபோதுகூட, பெண்ணுக்குப் புத்தி உண்டென்று நேராகச் சொல்ல அந்த ராஜாவுக்கு வாய் வரவில்லை!

இந்த ஆனுடைய மேற்பார்வையில் இரண்டு சிறுமிகள் வளர்ந்தார்கள். ஒருத்தி சவாய் நாட்டு லூயிஸ். 1476-இல் பிறந்து, தாயை இழந்து, 11 வயதில் கலியாணம் செய்து கொடுக்கப்பட்டு, 19 வயதில் இரண்டு குழந்தைகளோடு விதவையானவள். மற்றொருத்தி ஆஸ்திரியா நாட்டு மார்கரெட், 1480-இல் பிறந்தவள். இவளுக்கு 3 வயதில் பிரான்ஸ் அரசனோடு நிச்சயம் செய்து, பிரான்சுக்கே அனுப்பிவிட்டார்கள். ராணியாகப் போகிறாள் என்று வளர்த்தார்கள். 1491-இல் அந்த ராஜா பிரிட்டனி என்னும் பிரதேசத்துக்கு வாரிசான வேறொரு பெண்ணைக் கட்டிக் கொண்டான். மார்கரெட்டை 1493-இல் பிறந்த வீட்டுக்குத் திருப்பியனுப்பினார்கள். பிறகு ஸ்பெயின் இளவரசனுக்குக் கட்டி வைத்தார்கள்; அவன் ஆறு மாதத்தில் இறந்தான். அப்புறம் லூயிஸினுடைய சகோதரனுக்கே கட்டி வைத்தார்கள். அவனும் 1504-இல் இறந்தான். மாடு கன்றுகளைச் சந்தைக்கு ஓட்டினாலும் ஒரு சந்தைக்குத்தான் ஓட்டுவார்கள். இந்த ராஜகுமாரியை மூன்று சந்தைக்கு ஓட்டினார்கள். 24 வயதில் இனி கலியாணமே வேண்டாமென்று நின்றுவிட்டாள். 1507-இல் தகப்பன் அவளை நெதர்லாந்து நாடுகளின் கவர்னராக வைத்தார். அண்ணன் பிள்ளை சார்லஸை வளர்த்ததும் அவள்தான். அவனே பிற்காலத்தில் சக்கரவர்த்தி அய்ந்தாம் சார்லஸ்.

லூயிஸின் மகனோ 1515-இல் பிரான்சின் அரசனானான். முதலாம் பிரான்சுவா என்று பேர். ஒருத்தி வளர்த்த பிள்ளை சக்கரவர்த்தி. இன்னொருத்தி பெற்ற பிள்ளை ராஜா. இரண்டு பேருக்கும் தீராத சண்டை. 1525 பிப்ரவரியில் பாவியா என்னுமிடத்தில் நடந்த யுத்தத்தில் பிரான்ஸ் ராஜா தோற்றுச் சிறைப்பட்டான். ஸ்பெயினுக்குக் கொண்டு போனார்கள். சேனை சிதறிப் போயிற்று, கஜானா காலி. அப்போது பிரான்சைக் காப்பாற்றியது யார்? லியோன் நகரத்தில் இருந்து கொண்டு, ராஜப் பிரதிநிதியாக நிர்வாகம் செய்த தாய் லூயிஸ்தான். பகைவனாயிருந்த இங்கிலாந்து எட்டாம் ஹென்றியோடு அந்த வருஷமே உடன்படிக்கை செய்து கொண்டாள். கிறிஸ்தவ ராஜாக்கள் பேர் சொல்லவே கூசுகிற துருக்கி சுல்தானுக்குத் தூது விட்டாள். முதலில் போன தூதன் வழியில் கொல்லப்பட்டான். இரண்டாவது தூதனை அனுப்பினாள், அவன் போய்ச் சேர்ந்தான். மகனை மீட்கச் சுல்தானிடம் போவதா என்று மதாச்சாரிகள் முகம் சுளித்தார்கள். அவள் மதத்தைப் பார்க்கவில்லை, காரியத்தைப் பார்த்தாள்.

1526-இல் ராஜா, எதிரி கேட்டதையெல்லாம் கொடுப்பதாகச் சத்தியம் செய்து கையெழுத்துப் போட்டுவிட்டு, தனக்குப் பதிலாகத் தன் இரண்டு பச்சைப் பிள்ளைகளைப் பிணையாக ஸ்பெயினுக்கு அனுப்பிவிட்டு, வெளியே வந்தான். வந்தவுடன், கட்டாயத்தில் செய்த சத்தியம் செல்லாது என்று சொல்லிவிட்டான். மறுபடியும் யுத்தம். 1528-இல் இரண்டு மன்னர்களும் ஒருவரையொருவர் பொய்யன் என்று திட்டி, ஒண்டிக்கு ஒண்டி கத்திச் சண்டைக்கு வா என்று சவால் விட்டுக் கொண்டார்கள். சந்தைப் பேட்டையில் இப்படி இருவர் நின்றால் நாம் விலக்கி வைப்போம். சிம்மாசனத்தில் நின்றால் அதற்கு வீரம் என்று பேர்.

இந்த இடத்தில்தான் அந்த இரண்டு பெண்களும் தலையிட்டார்கள். ராஜாக்கள் முதலில் சமாதானம் பேசினால் மானம் போய்விடும் என்று பயப்படுகிறார்கள். பெண்கள் பேசினால் அந்தத் தடையில்லை என்று மார்கரெட் வாதாடினாள். 1529 ஜூலையில் காம்ப்ரே என்கிற ஊரில் நாத்தனாரும் தம்பி மனைவியுமாகிய இருவரும் அடுத்தடுத்த வீடுகளில் தங்கினார்கள். இரண்டு வீட்டுக்கும் நடுவே போய்வர ஒரு மூடுபாதை அமைத்திருந்தார்கள். சுமார் ஒரு மாதம் பேசினார்கள். கோபமாகப் புறப்படத் தயாரானதும் உண்டு. மறுபடியும் உட்கார்ந்ததும் உண்டு. ஆகஸ்டு மாதம் உடன்படிக்கை முடிந்தது. பர்கண்டி என்னும் பிரதேசம் பிரான்சுக்கு. இத்தாலியின் மேல் கொண்டாடிய உரிமையைப் பிரான்ஸ் விட்டுவிட வேண்டியது. இருபது லட்சம் பொற்காசுக்குப் பிள்ளைகளைத் திருப்பித் தர வேண்டியது. அவ்வாறே 1530 ஜூலையில் நாலு வருஷச் சிறை தீர்ந்து குழந்தைகள் திரும்பினார்கள். இன்றைக்கும் சரித்திரத்தில் அதற்குச் "சீமாட்டிகளின் சமாதானம்" என்றே பேர்.

பெண்ணுக்கு ஆளும் புத்தி கிடையாது என்ற முதல் ஆசாமிக்கு இதைவிட என்ன பதில் வேண்டும்? தோற்றவர்கள் இரண்டு ஆண்கள்; தீர்த்து வைத்தவர்கள் இரண்டு பெண்கள்.

இத்தாலியில் மாந்துவா என்னும் சிறு ராஜ்யத்தின் ராணி இசபெல்லாவும் இப்படித்தான். 1509-இல் அவள் புருஷன் வெனிஸ்காரரிடம் சிறைப்பட்டான். ஏறக்குறைய ஒரு வருஷம் நாட்டை அவளே நடத்தினாள். மகனைப் பிணையாக அனுப்பினால் உன் புருஷனை விடுகிறோம் என்று எதிரிகள் கேட்டபோது, பத்து வயதுப் பிள்ளையை அனுப்ப மறுத்து வாதாடினாள். அவள் எழுதிய கடிதங்களில் சுமார் 16,000 இன்றும் அந்த ஊர் ஆவணக் காப்பகத்தில் இருக்கின்றன. வரி, வழக்கு, தானியம், தூது, சித்திரம், துணி எல்லாம் அவற்றில் உண்டு. வெகு காலம் வரையில், அவளைச் சித்திரம் சேர்த்த சீமாட்டி என்றும், உடுப்பு மோகக்காரி என்றுமே அதிகமாகப் பேசிவந்தார்கள். கட்டுகளை அவிழ்த்துக் கடிதம் கடிதமாகப் படித்த பிறகுதான், அவள் ராஜ்ய நிர்வாகி என்பது நன்றாக வெளியாயிற்று. உண்மை கட்டுக்குள்ளேதான் இருந்தது, அவிழ்க்கத்தான் ஆளில்லை!

நல்லது. இப்போது இரண்டாவது ஆசாமி எழுந்து, "பார்த்தீர்களா! நீங்களே இத்தனை பெண்கள் ஆண்டதாகச் சொல்லிவிட்டீர்கள். பிறகு அடிமைத்தனம் எங்கே?" என்பார். அவருக்கும் பதில் சொல்லுவோம்.

இவர்களெல்லாம் எந்தப் பாத்தியதையில் ஆண்டார்கள்? ஆன், தம்பி பேரால் ஆண்டாள். லூயிஸ், மகன் பேரால் ஆண்டாள். இசபெல்லா, புருஷன் பேரால் ஆண்டாள். மார்கரெட், தகப்பன் பேராலும் அண்ணன் மகன் பேராலும் ஆண்டாள். 1507 முதல் 1567 வரையுள்ள 60 ஆண்டுகளில் பெரும் பகுதி நெதர்லாந்தை ஒருவர் பின் ஒருவராக மூன்று பெண்களே நிர்வகித்தார்கள். மூன்று பேரும் ஓர் ஆணால் நியமிக்கப்பட்டவர்களே. சார்லஸ் வயதுக்கு வந்தானென்று 1515-இல் மார்கரெட்டை விலக்கினார்கள்; அவளில்லாமல் முடியவில்லையென்று 1519-இல் மறுபடி வைத்தார்கள். இசபெல்லாவின் புருஷனோ, அவள் காத்துக் கொடுத்த ராஜ்யத்திற்குத் திரும்பி வந்து சில ஆண்டுகள் கழித்து, தன் இஷ்டப்படி நடக்கிற பெண் தனக்கு மனைவியாய் வாய்த்தது வெட்கம் என்ற கருத்துப்பட எழுதினான். வீடு தீப்பற்றி எரியும்போது "அம்மா, தண்ணீர் ஊற்று" என்பது, அணைந்த பிறகு "நீ ஏன் நடு வீட்டுக்கு வந்தாய்?" என்பது. இதுதான் அவர்களுக்கு இருந்த அதிகாரம்.

தோழர்களே! திறமை வேறு, உரிமை வேறு. திறமை அவர்களிடம் தாராளமாக இருந்தது. உரிமைதான் ஆணிடமிருந்து கைமாற்றாக வந்தது. கைமாற்று வாங்கிய பணத்தில் ஒருவன் நாலு நாள் தாராளமாகச் செலவு செய்தால், அவனைப் பணக்காரன் என்று சொல்லுவோமா?

கெல்லி அம்மையாருக்குப் பிறகு வந்த சரித்திரக்காரர்களில் சிலர், அவர் கொஞ்சம் கடுமையாகச் சொல்லிவிட்டார், அரண்மனைப் பெண்கள் கலியாணப் பேச்சிலும், உத்தியோகச் சிபாரிசிலும், தூதிலும், கடிதப் போக்குவரத்திலும் மெய்யான அதிகாரம் செலுத்தியிருக்கிறார்கள் என்று ஆவணங்களைக் காட்டுகிறார்கள். நாமும் காட்டினோம், அது உண்மைதான். ஆனால் அந்த ஆவணங்களே, அந்த அதிகாரம் யார் பேரால் வந்தது, யார் நினைத்தால் போயிற்று என்பதையும் காட்டுகின்றன. இரண்டையும் சேர்த்துப் படித்தால்தான் சரித்திரம்.

மூன்றாவது அளவுகோல், படிப்பு. அரண்மனைப் பெண்களுக்கு அக்காலத்தில் லத்தீன் முதலியவை கற்பித்தது மெய்தான். ஆனால் அந்தப் படிப்பு அவர்களுக்கு எதைக் கொடுத்தது? பிரான்சையே நடத்திய ஆன் தன் மகள் சுசானுக்கு ஒரு புத்திமதி நூல் எழுதி வைத்தாள். நாட்டை எப்படி ஆள வேண்டுமென்று எழுதியிருப்பாள் என்றுதானே நினைப்பீர்கள்? அடக்கமாயிரு, அளந்து பேசு, பார்வையில் ஜாக்கிரதை, பழி வராமல் நடந்துகொள் என்றே பெரும்பாலும் எழுதினாள். அவளுக்கு வேறு தெரியாதென்று அர்த்தமல்ல. பெண் எவ்வளவு புத்திசாலியாயிருந்தாலும் அதை மறைத்து வைத்துக் கொண்டால்தான் பிழைக்கலாம் என்று அனுபவத்தில் தெரிந்துகொண்டாள். நாடாண்ட தாயே மகளுக்கு அதைத்தான் சொல்ல வேண்டியிருந்ததென்றால், அந்த நாட்டுக் குடியானவன் வீட்டுத் தாய் தன் மகளுக்கு என்ன சொல்லியிருப்பாள்?

நாலாவது, பெண்ணைப் பற்றிய போதனை. 1558-இல் ஜான் நாக்ஸ் என்கிற பாதிரி, பெண் ஆளுவது ஆண்டவன் கட்டளைக்கு விரோதம், இயற்கைக்கே அருவருப்பு என்று ஒரு புத்தகம் போட்டார். இங்கிலாந்தின் மேரி ராணி அவருடைய மதப் பிரிவுக்கு விரோதி என்பதே அதற்கு முக்கிய காரணம். அந்த மேரியை எதிர்க்க அவளுடைய செய்கைகளே போதும்; அவள் எத்தனையோ பேரை மதத்தின் பேரால் உயிரோடு கொளுத்தியவள். ஆனால் பாதிரியார் கொளுத்தியதை மட்டும் குற்றமாக்காமல், பெண்ணாயிருப்பதையே குற்றமாக்கினார். அந்த வருஷம் நவம்பரில் மேரி இறந்தாள். அவர் மதப் பக்கத்தையே சேர்ந்த எலிசபெத் பட்டத்துக்கு வந்தாள். பாதிரியார் விழித்தார், எலிசபெத்தை மாத்திரம் கடவுளே விதிவிலக்காகக் கொண்டுவந்ததாகச் சமாதானம் சொல்லிப் பார்த்தார். எலிசபெத்தோ அவரைத் தன் நாட்டு வழியாகப் பிரயாணம் செய்யக்கூட அனுமதிக்கவில்லை. கடவுள் கட்டளை ஒரு வருஷத்தில் இத்தனை வளைவு வளைந்தது!

காத்தரீன் கதையும் அப்படியே. 1560 முதல் பத்து வயது மகன் பேரால் பிரான்சை நிர்வகித்தவள். புளுவா என்னும் மாளிகையில் அவள் அறைச் சுவரில் இரகசிய அலமாரிகள் உண்டு. அதில் விஷம் வைத்திருந்தாள் என்று கதை கட்டினார்கள். நாவலாசிரியர்கள் அதைப் பெருக்கினார்கள். காகிதங்களும் சிறு சாமான்களும் வைக்கும் இடம் அது என்பதே ஆராய்ந்தவர்களின் அபிப்பிராயம். 1572-இல் நவார் ராணி ழான் இறந்தபோது, காத்தரீன் விஷம் தோய்த்த கையுறை கொடுத்துக் கொன்றுவிட்டாள் என்றார்கள். பிரேதத்தை அறுத்துப் பார்த்ததில் நுரையீரல் நோய் என்று தெரிந்தது. இருந்தும் கையுறைக் கதைதான் நிற்கிறது. வைத்தியர் சொன்னது நிற்கவில்லை. ராஜா சூழ்ச்சி செய்தால் ராஜதந்திரம். ராணி சூழ்ச்சி செய்தால் சூனியக்காரி.

இதனால் காத்தரீன் உத்தமி என்று நாம் சொல்ல வரவில்லை. 1562-இல் இரு மதத்தாரும் சேர்ந்திருக்க வழி தேடிச் சட்டம் செய்தவளும் அவளே. 1572 ஆகஸ்டில் பாரிசில் ஆயிரக்கணக்கான பிராட்டஸ்டண்டு மக்கள் கொல்லப்பட்டபோது, அதற்கு உத்தரவிட்ட ஆலோசனைச் சபையில் இருந்தவளும் அவளே. அந்த இரத்தத்தை யாராலும் கழுவ முடியாது, கழுவவும் கூடாது. ஆனால் அந்தச் சபையில் 22 வயது ராஜாவும் பெரிய பிரபுக்களும் இருந்தார்களே! குற்றத்தை அத்தனை பேருக்கும் பங்கு போட்டுக் கொடு என்பதுதான் நமது வாதம். பெண்ணென்பதற்காகக் குறைக்கவும் வேண்டாம், கூட்டவும் வேண்டாம்.

கடைசியாக ஒன்று. இவ்வளவும் தெரிந்தது, அந்தப் பெண்களுக்கு எழுதத் தெரிந்ததாலும், எழுதியதைக் கட்டி வைக்க ஆளிருந்ததாலும்தான். அதே அரண்மனையில் துணி வெளுத்த பெண் கணக்குப் புத்தகத்தில் ஒரு வரிச் சம்பளமாக நிற்கிறாள். அவளுக்கு என்ன புத்தி இருந்தது, அவள் வீட்டில் எத்தனை சண்டைக்குச் சமாதானம் செய்து வைத்தாள் என்பதைச் சொல்ல ஒரு கடிதமில்லை. ராணிகளின் சரித்திரம் அரைகுறையாகவாவது மீண்டது. அவளுடைய சரித்திரம் மீளப் போவதில்லை. அரண்மனைப் பெண்களை ஆராய்வதால் நாம் அறிய வேண்டியது, ராணிகள் எவ்வளவு பெரியவர்கள் என்பதல்ல. அத்தனை பணமும் படிப்பும் படையும் பக்கத்தில் இருந்த பெண்களுக்கே உரிமை கைமாற்றாகத்தான் கிடைத்ததென்றால், ஒன்றுமில்லாதவர்களின் கதி என்ன என்பதுதான்.

ஆகவே தோழர்களே! இனி யாராவது உங்களிடம் வந்து, "அந்த ராணி ஆண்டாளே, இந்த அம்மாள் மந்திரியாக இருக்கிறாளே" என்றால், ஜோன் கெல்லி கேட்ட நாலு கேள்விகளைக் கேளுங்கள். ஒழுக்க விதி இருவருக்கும் ஒன்றா? சொத்தும் அதிகாரமும் அவள் பேரிலேயே இருக்கிறதா, இன்னொருவர் பேரால் நடக்கிறதா? படிப்பு அவளை நிமிரச் செய்கிறதா, குனியச் செய்கிறதா? பெண்ணைப் பற்றிப் பேசுகிற சபையில் பெண் பேசுகிறாளா? இந்த நாலுக்கும் நேரான பதில் கிடைக்கிற வரையில் ராணிகளின் பட்டியலைக் கண்டு ஏமாறாதீர்கள்.

இந்த நாலு கேள்விகளையும் வெளியில் கேட்பதற்கு முன்னால் இன்றிரவு வீட்டுக்குப் போனதும் அவரவர் வீட்டிலே கேட்டுப் பார்க்கும்படி கேட்டுக் கொள்கின்றோம்.